சொல்லி வைத்த இடம்

ஒருவர் என்னைப் பார்த்துச் சிரித்தாலே எதற்குச் சிரிக்கிறார் என்று யோசிக்கிற ஆள் நான். என் வீட்டுக்காரர் இதற்கு நேர்மாறு. காதில் யார் பூச்சுற்றினாலும் அதை வாடாமல் வைத்துக்கொள்வார். எங்களுக்குப் பிறந்த பெண் எதையும் நம்பாமல் என்னைப் போலவும், எல்லோருக்காகவும் உருகி அவரைப் போலவும் வளர்ந்துவிட்டாள். எதற்கெடுத்தாலும் நியாயம் பேசுவாள் என்பதால் வீட்டில் அவளுக்கு வக்கீல் என்று பெயர்.

வக்கீலுக்குப் பல்கலைக்கழகத்தில் கட்டடக்கலை படிக்க இடம் கிடைத்தது. என் தையல் மெஷின் கடகடக்கும் அறையிலேயே, தரையில் காகிதம் பரப்பி, நுழைவுத் தேர்வுக்கு வரைந்து பழகியவள் அவள். செய்தி வந்ததும் மெஷினை நிறுத்திவிட்டு அழுதேன். என் வீட்டுக்காரர் அழவில்லை. சட்டையை மாட்டிக்கொண்டு பேராசிரியர் வீட்டுக்கு ஓடினார்.

அந்தப் பேராசிரியரின் காரைத்தான் இவர் பல வருஷமாக ஓட்டுகிறார். தேர்வுக்கு முன்பு ஒருநாள், “பொண்ணு உங்க யுனிவர்சிட்டிக்குத்தான் எழுதியிருக்கா சார்” என்று தலையைச் சொறிந்திருக்கிறார். “சொல்லி வைக்கிறேன்” என்றாராம் அவர். இப்போது இடம் கிடைத்துவிட்டது. இவர் போய்க் கும்பிட, அவரும் மறுக்காமல் தலையசைத்து, நன்றாகப் படிக்கச் சொல் என்று அனுப்பிவிட்டார்.

அன்றிலிருந்து ஞாயிற்றுக்கிழமை என்று ஒன்று எங்கள் வீட்டில் இல்லாமல் போனது. கார் ஓட்டுவதோடு அந்த வீட்டுச் செடிகளுக்குத் தண்ணீர் ஊற்றுவதும், அவர் மாமியாரை ஆஸ்பத்திரிக்கு அழைத்துப் போய் வரிசையில் நிற்பதும் இவர் தலையில் விழுந்தன. கேட்டால், செய்த உதவிக்கு இதுகூடச் செய்யாவிட்டால் எப்படி என்பார். எனக்கு அப்போதே மூக்கில் வியர்த்தது.

ஆனால் அதிகம் அடிபட்டது வக்கீல்தான். அப்பா நன்றி சொல்லிவிட்டு வந்த கதையைக் கேட்டதும் அவள் முகம் செத்துப்போனது. அவளோடு சேர்ந்து படித்தவள் லிஃப்ட் இயக்குபவரின் மகள். இரண்டு பேரும் ஒரே ரப்பரைப் பாதியாக வெட்டி வைத்துக்கொண்டு வரைந்தவர்கள். அந்தப் பெண்ணுக்கு இடம் கிடைக்கவில்லை.

“அவளுக்குச் சொல்லி வைக்க ஆள் இல்ல. எனக்கு இருந்திருக்கு. அப்ப அவ இடத்துலதான் நான் போய் உக்காரணுமா? அப்படின்னா எனக்கு வேணாம்மா” என்றாள்.

கல்லூரியில் சேரவேண்டிய நாள் நெருங்கிக்கொண்டே வந்தது. அவள் அசையவில்லை. நான் கெஞ்சினேன், திட்டினேன், பேசாமல் இருந்தும் பார்த்தேன். எதுவும் பலிக்கவில்லை. சேர மறுநாளே கடைசி நாள் என்றானபோது, உண்மையைத் தெரிந்துகொள்ளாமல் இவளை நகர்த்த முடியாது என்று முடிவு செய்தேன். பேராசிரியர் உண்மையிலேயே சொன்னாரா?

நல்லவேளையாக அவர் மனைவி என்னிடம் திரைச்சீலை தைக்கக் கொடுத்திருந்தார். அதை மாட்டித் தரும் சாக்கில் அன்று மத்தியானமே கிளம்பினேன். கூடத்தில் பேராசிரியர் செய்தித்தாள் படித்துக்கொண்டிருந்தார். நான் ஸ்டூலில் ஏறி, வளையங்களைக் கம்பியில் கோத்தபடியே அவரைப் பார்த்தேன். இத்தனை வருஷம் காரின் பின் சீட்டில் உட்கார்ந்து போன மனிதர், முன் சீட்டில் இருப்பவரின் பெண் என்ன படிக்க ஆசைப்பட்டாள் என்று ஒருநாளாவது கேட்டிருப்பாரா? போட்டு வாங்கிப் பார்த்துவிடுவோம் என்று தோன்றியது. அவளை வக்கீல் வக்கீல் என்று கூப்பிட்டே பழகிய வாய். பொய் தயங்காமல் வந்தது.

“நாளைக்குப் பொண்ணு சட்டப் படிப்புல சேரப் போறா சார். எல்லாம் நீங்க சொன்னதாலதான்.”

அவர் செய்தித்தாளை மடித்து வைத்தார்.

“சட்டத்துக்குத்தாம்மா இந்த வருஷம் பயங்கரப் போட்டி. அந்தத் துறைத் தலைவர் நம்ம ஆளு. நேர்லயே பாத்துச் சொன்னேன். இல்லேன்னா கஷ்டந்தான்.”

ஸ்டூலில் இருந்து விழாமல் இருந்ததே பெரிய காரியம். கொஞ்சம்கூடத் திக்காமல் சொன்னார் மனிதர். பொய் சொல்கிறோம் என்ற நினைப்பாவது அவருக்கு இருந்ததா என்பது சந்தேகம். இதையே எத்தனை பேரிடம் சொல்லி, எத்தனை பேரின் ஞாயிற்றுக்கிழமைகளை வாங்கியிருக்கிறாரோ. கிடைத்தால் நான் சொன்னதால், கிடைக்காவிட்டால் போட்டி அதிகம். நன்றி சார் என்று சொல்லிவிட்டு, கடைசி வளையத்தையும் மாட்டிவிட்டு இறங்கினேன். வீடு வரும்வரை எனக்குத் தலைகால் புரியவில்லை.

சாயங்காலம் இரண்டு பேரையும் உட்காரவைத்து, நடந்ததைப் பேராசிரியர் குரலிலேயே நடித்துக் காட்டினேன். யாரும் சிரிக்கவில்லை.

“மறந்திருப்பார். அவருக்கு ஆயிரம் வேலை” என்றார் என் வீட்டுக்காரர். நான் முறைத்தேன். தன் கைகளைப் பார்த்தபடியே, “அப்ப அங்க நமக்குன்னு யாருமே இல்லையா?” என்று கேட்டார். கூட்டத்தில் கையை விட்டுவிட்ட குழந்தையைப் போல இருந்தது அவர் முகம். அதற்குமேல் அவரைத் திட்ட எனக்கு வாய் வரவில்லை.

வக்கீலாவது துள்ளிக் குதிப்பாள் என்று பார்த்தேன். அவளும் குதிக்கவில்லை.

“பரீட்சைக்கு அப்புறம் வச்ச இன்டர்வியூல அப்பா என்ன பண்றார்னு கேட்டாங்கம்மா. கார் ஓட்டறார்னு சொன்னேன். யாருக்குன்னு கேட்டாங்க. சார் பேரைச் சொன்னேன். அங்க இருந்த ஒருத்தர் பக்கத்துல இருந்தவரைப் பாத்துச் சிரிச்சார்.”

“எந்த மாதிரிச் சிரிப்பு?”

“தெரியல. அவர் சொல்லி வைக்கல. ஆனா அவர் பேரை நானே சொல்லிட்டேனே.”

எந்தச் சிரிப்பையும் சல்லடை போட்டுச் சலிக்கிற என்னால் இந்த ஒரு சிரிப்பை எடைபோட முடியவில்லை. நம் ஆளின் டிரைவர் மகளா, பார்த்துக்கொள்வோம் என்ற சிரிப்பா? அந்தப் பீற்றல் மன்னரின் டிரைவரா, பாவம் என்ற சிரிப்பா? அதைப் பார்த்த பிள்ளைக்கே தெரியாதது எனக்கு எப்படித் தெரியும்?

அப்புறம்தான் எனக்குக் கோபம் வந்தது. பேராசிரியர் மேல்கூட இல்லை, அந்தக் கேள்வியின் மேல். படிக்க வந்த பிள்ளையிடம் அப்பன் தொழில் எதற்கு? அன்றைக்கு அந்த அறைக்குள் டாக்டர் பிள்ளையும் போயிருக்கும், ஜட்ஜ் பிள்ளையும் போயிருக்கும். அவர்களும் அப்பா பேரைச் சொல்லியிருப்பார்கள். அவர்கள் சொன்னால் அது பதில். என் பெண் சொன்னால் மட்டும் சிபாரிசா?

“எதனால கெடைச்சுதுன்னு எனக்கு எப்பவுமே தெரியாதாம்மா?” என்றாள்.

“தெரியாது. உன் பக்கத்துல உக்காரப்போற பிள்ளைங்களுக்கும் தெரியாது. அதுங்க சாப்பிடாமயா கெடக்குதுங்க?”

“அவங்க அதைக் கேக்கறதே இல்லம்மா.”

“நீ கேக்கற இல்ல? போய்ச் சேந்து, கேட்டுக்கிட்டே படி.”

அவள் யோசித்தாள். “அவகிட்ட என்ன சொல்றது?” என்று கேட்டாள். லிஃப்ட் இயக்குபவரின் மகளைத்தான் சொல்கிறாள் என்று புரிந்தது.

அப்போது பேராசிரியரிடமிருந்து போன் வந்தது. அவரிடம் எழுந்து நின்றுதான் பேசுவார் என் வீட்டுக்காரர். அன்றும் எழுந்தார். காலையில் சீக்கிரம் வரச் சொல்லும் குரல் எங்களுக்கே கேட்டது. போகிற வழியில் பெண்ணையும் ஏற்றிக்கொள், சட்டத்துறைத் தலைவரிடம் என் பேரைச் சொல்லச் சொல் என்றும் கேட்டது. இவர் எங்கள் இருவரையும் பார்த்தார்.

“நாளைக்கு வர முடியாது சார். பொண்ணைச் சேர்க்கப் போறேன். அப்புறம், சட்டம் இல்லீங்க சார். கட்டடக்கலை.”

அங்கேயும் நம்ம ஆட்கள்தான், என் பேரைச் சொன்னால் போதும் என்றது குரல்.

என் வீட்டுக்காரர் இன்னும் பணிவாகக் குனிந்துகொண்டார்.

“பேரெல்லாம் சொல்ல வேண்டாம்னு பாக்கறோம் சார்.”

போனை வைத்த பிறகும் அவர் உட்காரவில்லை. வேலை போய்விடுமா என்று என்னிடம் கேட்டார். போனாலும் போகும் என்றேன். வக்கீல் எழுந்து போய், காலையில் அப்பா போட்டுக்கொள்ள வேண்டிய சட்டைக்கு இஸ்திரி போட ஆரம்பித்தாள்.