பதினேழு வருடத்துப் பார்வையாளர்

லாலாகுடா கிளையில் சாவித்ரி பதினேழு வருடமாகப் பார்வையாளர்.

ஞாயிறும் விடுமுறையும் போக, தினமும் காலை பத்து மணிக்கு வங்கிக்குள் நுழைவாள். வாசல் மேஜையில் இருக்கும் பார்வையாளர் பதிவேட்டில் பெயர், வந்த நேரம் இரண்டையும் எழுதி, 'யாரைப் பார்க்க' என்ற கட்டத்தில் 'மேனேஜர்' என்றும் 'எதற்காக' என்ற கட்டத்தில் 'கலெக்‌ஷன்' என்றும் எழுதுவாள். ஊழியர்களின் வருகைப் பதிவேடு உள்ளே தனியாக இருந்தது. கமிஷனுக்கு வேலை செய்பவர்கள் அதைத் தொடக்கூடாது. முந்தைய நாள் ரயில்வே குவார்ட்டர்ஸில் வீடு வீடாக வாங்கிய தினசரி சேமிப்பைக் கட்டிவிட்டு, ரசீதுப் புத்தகத்தோடு மறுபடி வெயிலில் இறங்குவாள். அவளைப் போல இன்னும் நான்கு பேர். அவர்கள் பத்து நிமிடம் தாமதித்தால் மேனேஜர் பாலசுப்ரமணியன் கூப்பிட்டுத் திட்டுவார். லேட்டாக வந்ததற்காகத் திட்டு வாங்கும் பார்வையாளர்கள் உலகத்தில் அந்தக் கிளையில் மட்டும்தான் இருந்திருப்பார்கள். சாவித்ரி ஒருநாளும் தாமதித்ததில்லை.

2001 ஜூலையில், ஒரு வியாழக்கிழமை மாலை, அந்த ஐந்து பார்வையாளர்களுக்கும் வங்கி பொன்னாடை போர்த்தியது.

மாயவரத்திலிருந்து அந்தத் தெலுங்கு ஊருக்கு மாற்றலாகி வந்த பாலசுப்ரமணியனுக்கு மேடையும் மைக்கும் இருந்தால் சாப்பாடு வேண்டாம். ஹைடெக் சிட்டியில் தொடங்கி இன்டர்நெட் வழியாக இருபத்தோராம் நூற்றாண்டு வரை போய்த் திரும்பினார். பிறகு ஆளுக்கொரு பெட்டி விசிட்டிங் கார்டு. பெயருக்குக் கீழே 'நிதிச் சேவைப் பங்காளர்' என்று பொன்னெழுத்து. கார்டோடு கையெழுத்துப் போட ஒரு கடிதமும் வந்தது.

"இனிமே நீங்க யாருக்கும் வேலைக்காரங்க இல்லம்மா. உங்களுக்கு நீங்களே முதலாளி. எப்ப வேணா வரலாம், எப்ப வேணா போகலாம்."

"எப்ப வேணாவா சார்?" என்று கேட்டாள் சாவித்ரி.

"எப்ப வேணா! லெட்டர்லயே இருக்கே."

இருந்தது. தான் வங்கியின் தொழிலாளி அல்ல, தன் நேரம் தன் விருப்பம் என்று இரண்டு பத்தி. வங்கி விரும்பினால் ஏழு நாள் அறிவிப்பில் உறவை முறித்துக்கொள்ளலாம் என்று கடைசியில் பொடி எழுத்தில் ஒரு வரி. சனிக்கிழமைக்குள் கையெழுத்துப் போடாதவர்கள் ரசீதுப் புத்தகத்தைத் திருப்பித் தர வேண்டும்.

மற்ற நால்வரும் பொன்னாடை நழுவாமல் குனிந்து கையெழுத்துப் போட்டார்கள்.

"வீட்ல ஒரு வார்த்தை கேட்டுட்டு வரேன் சார்" என்றாள் சாவித்ரி.

"பார்ட்னர் எதுக்கும்மா யாரையும் கேக்கணும்?"

வீட்டில் கணவர் திருநாவுக்கரசு கடிதத்தை இரண்டு முறை படித்தார். ரயில்வே ஒர்க்‌ஷாப்பில் ஃபிட்டர், சங்கத்து ஆள். டிரங்குப் பெட்டியிலிருந்து ஒரு செய்தித்தாள் துண்டை எடுத்து அவள் முன் வைத்தார். கமிஷன் வாங்கினாலும் டெபாசிட் வசூலிப்பவர்கள் தொழிலாளிகளே என்று பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருந்தது.

"இதுக்குத்தான் உனக்குப் பொன்னாடை" என்றார். "தொழிலாளின்னா நெனச்சப்ப வெளிய தள்ள முடியாதுல்ல. லேபர் ஆபீஸ் இருக்கு, கேள்வி இருக்கு. பார்ட்னர்னா டாட்டா காட்டிட்டுப் போயிட்டே இருப்பான்."

"நான் தொழிலாளின்னு எதுல எழுதியிருக்கு? பார்வையாளர்னு பதினேழு வருஷமா நானே என் கையால எழுதிட்டு வரேன்."

"எனக்கு அஞ்சு நிமிஷம் லேட்டானா மெமோ குடுக்கறான். நான் தொழிலாளிங்கறதுக்கு அதுவே எழுத்து. உனக்கு ஒண்ணாச்சும் குடுத்திருக்கானா?"

"லேட்டாப் போனாத்தானே குடுப்பாங்க?"

சொன்னவள் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தபடியே கடிதத்தை மடித்தாள். அவரும் பேப்பரை மடித்து வைத்துவிட்டார்.

வெள்ளிக்கிழமை பத்து மணிக்குச் சாவித்ரி வங்கிக்கு எதிரே இருந்த இரானி ஹோட்டலில் உட்கார்ந்திருந்தாள். சுதந்திரம் அவ்வளவு கஷ்டமாக இருக்கும் என்று அவள் நினைக்கவில்லை. இரண்டு டீ குடித்தாயிற்று. கால் தானாக எழுந்துகொள்ளப் பார்த்தது. மெமோவுக்குப் பதிலாக ரசீதுப் புத்தகத்தைப் பிடுங்கிக்கொண்டால்? குவார்ட்டர்ஸில் முந்நூறு வீட்டுக் கதவும் நாளையிலிருந்து அவளுக்குத் திறக்காது. இருந்தும் பதினொன்றரைக்குத்தான் எழுந்தாள்.

உள்ளே பாலசுப்ரமணியன் நின்றுகொண்டிருந்தார். வசூல் விவரம் பதினோரு மணிக்கு மண்டல அலுவலகத்துக்குப் போக வேண்டும். மூன்று முறை போன் வந்துவிட்டது.

"மணி என்னம்மா? யாரைக் கேட்டு லேட்டா வந்தீங்க?"

"நீங்கதானே சார் எப்ப வேணா வரலாம்னீங்க?"

"அது லெட்டர்ல இருக்கறது! வேலைன்னு வந்தா டைமுக்கு வரணும்!"

எதிர்த்துப் பேசிய வாய்க்கு அவர் அறிந்த மருந்து ஒன்றுதான். பியூன் யாதகிரியிடம் மெமோ படிவம் கேட்டார். மெமோ எழுதுவதில் அவருக்குத் தனி ருசி. அனுமதியின்றிப் பணிக்கு ஒன்றரை மணி நேரம் தாமதமாக வந்ததற்கு இருபத்து நான்கு மணி நேரத்தில் விளக்கம் தருக; தவறினால் ஒழுங்கு நடவடிக்கை. பெயருக்குக் கீழே எண், தேதி, முத்திரை.

சாவித்ரி இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டாள்.

சனிக்கிழமை ஒன்பது ஐம்பதுக்கே வந்துவிட்டாள். அவள் நீட்டிய பதிலைப் படிக்கப் படிக்க மேனேஜரின் முகம் குளிர்ந்தது. அவ்வளவு பணிவான விளக்கம் அவர் சர்வீஸில் வந்ததில்லை. 'பதினேழு வருடப் பணியில் இது முதல் தவறு. இனி வழக்கம்போலத் தாங்கள் விதித்த பத்து மணிக்கே பணிக்கு வருவேன். மன்னிக்கவும்.'

பெருந்தன்மை பொங்க, ஓரத்தில் பச்சை மையால் எழுதினார்: 'எச்சரித்து மன்னிக்கப்பட்டது. பணியில் தொடரலாம்.' முத்திரையும் விழுந்தது. கையோடு எழுதிக் கொண்டுவந்த நகலையும் நீட்டினாள். அதிலும் அதையே எழுதிக் குத்தினார்.

"சரி, அந்தப் பார்ட்னர் லெட்டர்?"

"நக்கோ சார்."

"என்னது?"

"வேண்டாம் சார். நீங்க மன்னிச்சு வேலைல தொடரச் சொல்லிட்டீங்க. நான் வேலையிலயே இருந்துக்கறேன்."

 அவர் தன் பச்சை எழுத்தை மறுபடி படித்துப் பார்த்தார். குரல் இறங்கியது. "அந்த நகலைக் கொஞ்சம் குடுங்கம்மா."

"ஜெராக்ஸ் எடுக்கணும் சார். லேபர் ஆபீஸுக்கு ஒண்ணு வேணும்னு வீட்டுக்காரர் சொன்னார்."

"எனக்கும் மேல ஆள் இருக்காங்கம்மா. அஞ்சு கையெழுத்தும் வாங்கியாச்சுன்னு நேத்தே சொல்லிட்டேன். மண்டலத்துல என்னைத்தான் கேப்பாங்க."

அந்த ஒரு நிமிடம் அவரைப் பார்க்கப் பாவமாகத்தான் இருந்தது. அவருக்கும் யாரோ ஒருநாள் மெமோ கொடுப்பார்கள். ஆனால் மெமோ கிடைக்கும் என்கிற நிச்சயம் அவருக்கு வேலைக்குச் சேர்ந்த முதல் நாளிலிருந்தே இருந்தது. அவளுக்குத்தான் அது பதினேழு வருடம் கழித்துக் கிடைத்திருக்கிறது.

ரசீதுப் புத்தகத்தை அவர் கேட்கவில்லை. கேட்டால் அதையும் எழுத்தில் கேட்க வேண்டியிருக்குமே என்று யோசித்திருக்கலாம்.

சாவித்ரி வாசல் மேஜைக்கு வந்தாள். காலையில் அவசரத்தில் எதுவும் எழுதாமல் உள்ளே போயிருந்தாள். பதிவேட்டைத் திறந்து நேரம் எழுதினாள்: 9.50. 'எதற்காக' என்ற கட்டத்தில் கை வழக்கம்போல 'க' போட்டுவிட்டது. அதை அடித்துவிட்டுப் பக்கத்தில் 'வேலைக்கு' என்று எழுதினாள்.

யாதகிரி எட்டிப் பார்த்தான். அவனுக்குத் தமிழ் படிக்கத் தெரியாது.

"ஏம் ராசாவம்மா?" என்றான், என்ன எழுதினாள் என்று தெரிந்துகொள்ள.

அவள் எழுதியதையே தெலுங்கில் சொன்னாள். பிறகு குவார்ட்டர்ஸ் பக்கம் நடந்தாள்.