நாற்பத்தேழாம் எண் கல்

வனவர் மெகருன்னிசா ஜீப்பிலிருந்து இறங்கியதும் மொக்கைச்சாமி குனிந்து கும்பிட்ட வேகத்தில் தோள் துண்டு நழுவிச் சேற்றில் விழுந்தது. அவர் மனைவி விருமாயி அதை எடுத்து உதறினாள்.

"நிமிந்து நில்லுய்யா. தோட்டம் வாங்கப் போற ஆளு மாதிரியா நிக்கிற?"

"இன்னும் வாங்கலேல்ல. வாங்கிட்டு நிமிந்துக்கிறேன்."

நான் பத்திரம் எழுதுகிறவன். எத்தனையோ கிரயம் எழுதியிருந்தாலும், அன்று எனக்கே கை பரபரத்தது. சிங்கராயர் தம்முடைய ஓர் ஏக்கர் காப்பித் தோட்டத்தை, அதில் இத்தனை காலம் பழம் பறித்த இந்த இருவருக்கே விற்கிறார். மாதக் கடைசியில் அவர் கனடாவிலுள்ள மகளிடம் போய்விடுவார். அதன்பின் பொறுப்பு மைத்துனர் கைக்குப் போகும். மைத்துனருக்கு அங்கே தங்கும் விடுதி கட்ட ஆசை. தோட்டத்தின் மேல்புறம் காப்புக்காடு என்பதால் வனத்துறை தடையில்லை என்று எழுதிக் கொடுத்தால்தான் பதிவு நடக்கும். அதற்கு வனத்துறை எண் பொறித்து நட்ட எல்லைக் கற்கள் இருக்க வேண்டும்.

நாற்பத்தாறாம் எண் கல், காட்டுமாடு முட்டிச் சாய்ந்து கிடந்தது. நாற்பத்தெட்டு பாதி உடைந்திருந்தது. நடுவில் நாற்பத்தேழை மட்டும் காணவில்லை.

"கல்லு இல்லேன்னா எல்லை தெளிவில்லைன்னுதான் எழுதணும். நான் என்னம்மா செய்ய?" என்றார் மெகருன்னிசா வருத்தத்துடன்.

எல்லோரும் புதரை விலக்கித் தேடினோம். சிங்கராயர் சிலுவைக்குறி போட்டுக்கொண்டு முள்ளுக்குள் நுழைந்தார். அட்டைக்கடி வேறு. கடைசியில், வனவரோடு வந்திருந்த நில அளவையர் கையிலிருந்த கருவியைப் பார்த்தபடி நடந்து, ஓர் அத்திமரத்தடியில் நின்றார்.

"மேடம், இங்கதான் காட்டுது."

அங்கே மஞ்சள் பூசி, சிவப்புப் பட்டு உடுத்தி, எலுமிச்சை மாலையோடு பேச்சியம்மன் நின்றிருந்தாள்.

பழம் பறிக்க முதன்முதலில் மலையேறி வந்தவர்கள், காட்டோரம் நிமிர்ந்து நின்ற கல்லைக் கண்டு அன்றே கற்பூரம் ஏற்றிவிட்டார்கள். அதற்கப்புறம் யாருக்கும் அது கல்லாகத் தோன்றவில்லை.

"எண்ணெயும் மஞ்சளும் அப்பிக் கிடக்கு. சொரண்டிப் பாத்தா நம்பர் தெரியும்" என்று அளவையர் கத்தியை எடுத்தார்.

மொக்கைச்சாமி குறுக்கே பாய்ந்தார். இப்போது நன்றாகவே நிமிர்ந்திருந்தார். "ஆத்தா மேல கத்தி வைக்கிறதா? எனக்குத் தோட்டமே வேணாம் சாமி! போங்க எல்லாரும்!"

"யோவ்!" விருமாயி அவர் தோளைப் பிடித்து இழுத்தாள். "ஆயுசு பூரா பறிச்ச தோட்டம்யா!"

மெகருன்னிசா பூட்ஸைக் கழற்றி ஓரமாக வைத்தார். அம்மனுக்குச் சற்றுத் தள்ளி நின்று மெதுவாகக் கேட்டார்: "சொரண்ட வேணாம். அம்மாவைக் குளிப்பாட்டலாம்ல?"

விருமாயி அவரைப் பார்த்தாள். அடுத்த நொடி சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு ஓடினாள். சிங்கராயர் கூடவே ஓடித் தம் வீட்டு அடுப்பில் வெந்நீர் வைத்தார். குடம் குடமாகத் தண்ணீர் வந்தது, சீயக்காய் வந்தது. பட்டைக் களைந்து மடியில் வைத்துக்கொண்டு, பிள்ளைக்குத் தலை தேய்ப்பதுபோல் விருமாயி தேய்த்தாள். "பொறுத்துக்கடி ஆத்தா, இந்தா ஆச்சு."

பல வருஷத்து எண்ணெய் கறுப்பாக வழிந்தது. நாங்கள் குனிந்து பார்த்தோம்.

"நாலு!" என்று கத்தினார் அளவையர். அடுத்த குடம் ஊற்றியதும், "ஏழு! மேடம், ஏழு!"

மொக்கைச்சாமி அழுகிறாரா சிரிக்கிறாரா என்று தெரியவில்லை. பிறகு சட்டென்று பயந்துபோனார். "எங்க ஆத்தாவ ஆபீசுக்குத் தூக்கிட்டுப் போயிருவீகளாம்மா?"

"எதுக்குய்யா தூக்குறோம்? எங்க கல்லுல ஒண்ணு சாஞ்சிருச்சு, ஒண்ணு ஒடைஞ்சிருச்சு. நீங்க பாத்துக்கிட்டதுதான் முழுசா நிக்கிது." மெகருன்னிசா ஜீப்பின் மீது தாளை வைத்து, கல் தன் இடத்தில் நல்ல நிலையில் இருக்கிறது என்று எழுதினார். அதில் ஒரு சொல்லும் பொய்யில்லை. கடவுள் யார் கையில் எந்த நேரம் வருவார் என்று நாம் அறிவதில்லை. அன்று அவர் ஒரு வனவரின் பேனாவில் வந்தார் என்றே நான் நம்புகிறேன்.

சான்று வந்தது. சிங்கராயர் புறப்படுவதற்கு முன்பே பதிவு அலுவலகத்தில் எங்களைக் கூப்பிட்டார்கள். அவர் கையெழுத்துப் போட்டார்; விருமாயி விரல்ரேகை வைத்தாள். பிறகு அவளைக் கேமரா முன் உட்கார வைத்தார்கள்.

"சிரிக்காம இருங்கம்மா. பத்திரத்துல வர்ற போட்டோ."

அவள் உதட்டை இறுக்கினாள். மீண்டும் சிரிப்பு பீறிட்டது.

"ஏய், அடக்குடி" என்றார் மொக்கைச்சாமி. அவருக்கும் வாய் கொள்ளவில்லை.

"முடியலய்யா, நான் என்ன செய்ய?"

பதிவாளர் கண்ணாடிக்கு மேலாக அவளைப் பார்த்தார். வெளியே அத்தனை பேர் காத்திருந்தார்கள். "விடுங்க," என்றார் அந்த நல்ல மனிதர். "அப்படியே எடுங்க."

கிரயப் பத்திரத்தில் விருமாயி பல் முழுக்கத் தெரியச் சிரித்துக்கொண்டிருக்கிறாள்.