பாதிப் பாதியாக ஒரு வாசனை

எனக்கு வேலை போட்டுக் கொடுத்தவர் அத்தான். அக்காவின் கணவர், வாசனைத் திரவியத் தொழிற்சாலையின் முதலாளி. பதினான்கு வருடம் கல்லூரியில் கருத்துகளின் வரலாறு நடத்தினேன். படிக்க ஆளில்லை என்று அந்தப் பாடத்தையே இழுத்து மூடினார்கள். நடுத்தெருவில் நின்றவனை அத்தான் கூப்பிட்டு, தொழிற்சாலைக்கு ஐம்பது வயதாகிறது, அதற்கு ஒரு புத்தகம் எழுது என்றார். புரொபசர் சும்மா கிடப்பதற்கு எதையாவது கிறுக்கட்டும் என்று அக்காவிடம் சொன்னாராம். அதை என்னிடம் சொல்லிவிட்டு, மனதில் வைத்துக்கொள்ளாதே என்றாள் அக்கா. வைத்துக்கொண்டேன்.

எத்தனை புட்டி விற்றது என்று எழுதுகிற ஆள் நான் இல்லை. கலப்பு என்கிற கருத்தின் வரலாற்றை எழுதத் தொடங்கினேன். இரண்டு பொருள் கலந்தால் பழைய இரண்டும் எங்கே போகின்றன? இந்த ஒரு கேள்விக்காக ஆதி காலத்து அறிஞர்கள் தலைமுறை தலைமுறையாக மல்லுக்கட்டியிருக்கிறார்கள். கலந்த தானியம் போல எல்லாம் பக்கத்தில் பக்கத்தில்தான் கிடக்கிறது, நம் கண்ணுக்குத்தான் தெரியவில்லை என்றது ஒரு கூட்டம். இல்லை, இரண்டும் தன் குணத்தை விட்டுக்கொடுத்து மூன்றாவதாக ஒன்று பிறக்கிறது என்றது இன்னொன்று. ஒரு சொட்டு மது விழுந்தால் கடல் முழுக்க அது இருக்கும் என்று அடித்துச் சொன்னவர்களும் உண்டு. இதையெல்லாம் மாணவர்களிடம் சொன்னால் கொட்டாவி விடுவார்கள். இங்கே, எனக்குக் கொடுத்த மாடியறைக்கு இரண்டு தளம் கீழே, அந்தச் சண்டை தினமும் உண்மையாகவே நடந்துகொண்டிருந்தது.

தொழிற்சாலையில் ஒரு முறை இருந்தது. பெயர்போன வாசனையின் முழுக் கணக்கும் அத்தான் ஒருவருக்குத்தான் தெரியும். பாதிப் பொருள்களை முதல் அறையில் ஒருவர் எடைபோட்டுக் கலப்பார். மறுபாதியை இரண்டாம் அறையில் இன்னொருவர். இரண்டு பாத்திரமும் மூடி முத்திரையோடு அத்தானின் அறைக்குப் போகும். அங்கே கதவைச் சாத்திக்கொண்டு அவரே ஒன்றில் ஒன்றை ஊற்றுவார். ஒரு பாதிக்காரருக்கு மறுபாதி தெரியக் கூடாது. தன் பாதியை வெளியே சொல்லவும் கூடாது.

வேடிக்கை என்னவென்றால், அந்த முதலறைக்காரரும் இரண்டாம் அறைக்காரியும் கணவன் மனைவி. வேலைக்கு வந்த இடத்தில் பார்த்துப் பிடித்துப்போய் கட்டிக்கொண்டவர்கள். மூக்கு இரண்டும் அபாரமானவை என்பதால் அத்தானுக்கு விடவும் மனமில்லை, நம்பவும் மனமில்லை. மாலையில் இருவரும் தனித்தனியாகக் குளித்து, உடை மாற்றிக்கொண்டுதான் வாசலைத் தாண்ட வேண்டும். கம்பெனிக் குடியிருப்பில் இரண்டு பெண் குழந்தைகளோடு பதினொரு வருடம் வாழ்ந்தும், மனைவி பகலெல்லாம் எதைத் தொடுகிறாள் என்று அவருக்குத் தெரியாது, அவளுக்கும் அப்படியே. இதை அவர் என்னிடம் பெருமையாகச் சொன்னார். எனக்கோ வாயில் எச்சில் ஊறியது. இப்படி ஓர் உதாரணம் எந்த அறிஞனுக்கு வாய்க்கும்?

முதலில் அவரிடம் போனேன். உங்கள் பாதியின் பட்டியல் புத்தகத்துக்கு வேண்டும், முதலாளி அனுமதி கொடுத்துவிட்டார் என்றேன். பச்சைப் பொய். ஆனால் முதலாளியின் மச்சான் சொன்னால் யார் சந்தேகப்படுவார்கள்? பட்டியலை நிதானமாகச் சொன்னார். மறுநாள் அவளிடம் அதே பொய். கொஞ்சம் தயங்கினாள், என் முகத்தைப் பார்த்தாள், பிறகு சொன்னாள்.

இரண்டு பட்டியலையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்ததும் தலைகால் புரியவில்லை எனக்கு. லவங்க எண்ணெய் இரண்டிலும் இருந்தது! அவரிடம் நான்கு பங்கு, அவளிடம் மூன்று. உண்மையான அளவு யாருக்கும் தெரியாமலிருக்க அத்தான் ஒரே பொருளை இரண்டாக உடைத்துக் கொடுத்திருந்தார். கலந்த பிறகு எது அவருடைய லவங்கம், எது அவளுடையது? கடவுளே வந்தாலும் பிரிக்க முடியாது. இரண்டாயிரம் வருடச் சண்டைக்கு இதைவிட அழகான பக்கம் எழுத முடியாது என்று நினைத்தேன். எழுதினேன். பங்குக் கணக்கோடு எழுதினேன். தட்டச்சு செய்து, என் கையாலேயே அத்தானின் மேசையில் கொண்டுபோய் வைத்தேன். ஒரு திருடன் இப்படிச் செய்ய மாட்டான். படித்த முட்டாள்தான் செய்வான்.

மறுநாள் காலை கூப்பிட்டார். கத்தவில்லை. அந்தப் பக்கத்தில் விரலை வைத்து, யார் சொன்னது என்று கேட்டார்.

அந்த இடத்தில் உண்மையைச் சொல்லியிருந்தால் என்ன ஆகியிருக்கும்? நான் பொய் சொல்லி ஏமாற்றியது தெரிந்திருக்கும். அவர்கள் தப்பித்திருப்பார்கள். நான் மாடியறையைவிட்டு இறங்கியிருப்பேன், அக்கா வீட்டுச் சோற்றுக்கும் முகமில்லாமல் போயிருக்கும். பயம், வேறொன்றுமில்லை. இருவரில் ஒருவர்தான் இரண்டையும் சொன்னார், யார் என்று குறித்துக்கொள்ளவில்லை என்றேன். வரிக்கு வரி அடிக்குறிப்பு போடுகிறவன் நான். அத்தான் என்னைப் பார்த்துச் சிரித்தார்.

அப்படியென்றால் வீட்டில் இருவரும் பேசிக்கொண்டிருக்கிறார்கள் என்று முடிவுகட்டினார். இருவரையும் அழைத்து, நாளை வரைக்கும் நேரம் கொடுத்தார். ஆளுக்கொரு தாள். தனித்தனி அறை. வாய் திறந்தது யார் என்று எழுத வேண்டும். இரண்டு தாளிலும் ஒரே பெயர் இருந்தால் அந்த ஆள் மட்டும் வெளியே, மற்றவருக்கு வேலையும் வீடும் உண்டு. பெயர் மாறினால் இருவரும் வெளியே. அன்றைக்கு இருவரும் ஒரே வீட்டில் இருக்கக் கூடாது, பேசிக்கொள்ளவும் கூடாது என்று கணவரை விருந்தினர் விடுதிக்கு அனுப்பினார். இந்தத் தொழிலில் ரகசியம் விற்றவர் என்று பெயர் வந்துவிட்டால் வேறெங்கும் ஒரு புட்டி கழுவக்கூட விட மாட்டார்கள். அது அவர்கள் இருவருக்கும் தெரியும், எனக்கும் தெரியும்.

மத்தியானம் அவள் மாடிக்கு வந்தாள். உட்காரச் சொன்னேன், உட்காரவில்லை.

"நீங்க ஒரு வார்த்தை சொன்னா போதும் சார். அனுமதி இருக்குன்னு நீங்க சொன்னதாலதான் சொன்னோம். ரெண்டு பேருமே பிழைச்சுக்குவோம்."

"காலையில முதல் வேலையா சொல்லிடறேன், கவலைப்படாதீங்க" என்றேன்.

சொல்லும்போது சொல்லத்தான் நினைத்தேன். இதை நம்புவதும் நம்பாததும் உங்கள் விருப்பம்.

காலையில் அத்தானின் அறையில் நால்வரும் இருந்தோம். மடித்த தாள்கள் மேசைமேல். பிரிக்கும் முன் அத்தான் என் பக்கம் திரும்பி, புரொபசருக்கு ஏதாவது சொல்ல வேண்டியிருக்கிறதா என்று கேட்டார். அவள் என்னைப் பார்த்தாள். அவரும் பார்த்தார். நான் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தேன். சொல்வதற்கு ஒன்றுமில்லை என்றேன்.

அத்தான் முதலறைக்காரரின் தாளை முதலில் பிரித்தார். இரண்டே சொல்: நான்தான் சொன்னேன். அடுத்து அவளுடையது. அதில் கணவரின் பெயர் இருந்தது. அதற்குக் கீழே இன்னொரு வரியும் இருந்தது. அதை அத்தான் நிறுத்தி நிறுத்திப் படித்தார். என் பாதியைச் சொல் சொல் என்று வீட்டில் பல தடவை நச்சரித்தார், வேண்டாம் என்று காலில் விழுந்தும் கேட்கவில்லை.

பெயர் பொருந்திவிட்டது. அத்தானுக்குப் பரம திருப்தி. பதினொரு வருடமாகத் தொண்டையில் சிக்கியிருந்த முள் இறங்கியது போல முகம். அவரைப் போகச் சொன்னார், அவளை அறைக்குத் திரும்பச் சொன்னார், எல்லாம் ஒரே மூச்சில்.

வெளியே நடையில் இருவரும் நின்றார்கள். எனக்கு மாடிக்குப் போக அந்த வழிதான். சுவரோரமாக நின்றேன்.

"பழியை நான் ஏத்துக்குவேன்னு உனக்குத் தெரியும், இல்ல?" என்று கேட்டார் அவர்.

"தெரியும்ங்க. அதனாலதான் உங்க பேரை எழுதினேன். என் பேரை எழுதியிருந்தா ரெண்டு பேரும் தெருவுல நிப்போம். பிள்ளைங்களுக்கு அந்த வீடு வேணும்."

அவர் தலையாட்டினார். கோபம் இல்லை. கணக்குச் சரியாக இருக்கிறதா என்று ஒருமுறை மனதுக்குள் போட்டுப் பார்த்தவர் மாதிரி இருந்தார்.

"பேரை எழுதினது சரி. நானும் அதையேதான் வேண்டிக்கிட்டேன். கீழ அந்த வரி எதுக்கு?"

நடையைத் தாண்டி யாரோ தள்ளுவண்டியில் காலிப் புட்டிகளைக் கொண்டுபோனார்கள். அந்தச் சத்தம் அடங்கும்வரை காத்திருந்தாள்.

"வெறும் பேரு மட்டும் இருந்தா பேசிவெச்சு எழுதினோம்னு நெனைப்பாரு. அவரு நம்பணும்ல."

"நம்பிட்டாரு" என்றார் அவர். "படிக்கக் கேட்டப்ப, நானே ஒரு நிமிஷம் நம்பிட்டேன். உன்னை அப்படிக் கேட்டிருப்பேனோன்னு."

அதுவரை அழாதவள் அப்போது அழுதாள். பதினொரு வருடத்தில் அவள் அழும்போது அவர் என்ன செய்வாரோ எனக்குத் தெரியாது. அன்றைக்கு ஒன்றும் செய்யவில்லை. படியிறங்கிப் போனார்.

அத்தானின் அறைக் கதவு திறந்துதான் இருந்தது. உள்ளே அவர் யாரிடமோ தொலைபேசியில் பேசிக்கொண்டிருந்தார், குரல் தெளிவாகக் கேட்டது. பத்து அடி தூரம். அப்போது நுழைந்து சொல்லியிருந்தால்கூட வாசல் காவலாளியை விட்டு அவரைத் திருப்பி அழைத்திருக்கலாம். அவள் முகத்தைத் துடைத்துக்கொண்டு, முதலில் கதவைப் பார்த்தாள், பிறகு என்னை. இந்தத் தடவை கேட்கவில்லை.

நான் மாடிக்குப் போனேன். என்னிடமிருந்த பிரதியிலிருந்து அந்தப் பக்கத்தை உருவிக் கிழித்துப் போட்டேன். லவங்கத்தை எடுத்துவிட்டதில் வாதம் கொஞ்சம் பலவீனமாகத்தான் போயிற்று. வேறு உதாரணம் தேட உட்கார்ந்தேன்.