கைக்கு வயதாக நேரமில்லை

மனித உடம்பில் கிழடு தட்டாத உறுப்பு ஒன்று உண்டென்றால் அது உழைக்கிறவனின் கைதான். தலை நரைக்கும், முட்டி தேயும், கண் மங்கும், காது வேண்டாததை மட்டும் கேட்கும். கை மட்டும் அப்படியே இருக்கும். காரணம் எளிது. வயதாவதற்கு ஓர் உறுப்பு சும்மா இருக்க வேண்டும். உழைக்கிறவன் கைக்கு அந்த நேரம் கிடைப்பதில்லை.

இந்த உண்மையை உலகுக்கு அறிவித்தபோது மெக்கானிக் ஒரு காருக்கு அடியில் மல்லாந்து கிடந்தான். உலகத்தின் சார்பில் கேட்டுக்கொண்டிருந்தவன் பட்டறையில் கூட வேலை செய்யும் நெட்டை. அடியிலிருந்து ஒரு கை வெளியே வந்து ஸ்பானர் கேட்டது. நெட்டை ஸ்பானரைக் கொடுப்பதற்கு முன் அந்தக் கையை ஒருமுறை நிதானமாகப் பார்த்தான். விரல் முட்டிகளில் வெடிப்பு, வெடிப்புக்குள் கறுப்பு, நகத்தைச் சுற்றிப் பிய்ந்து நிற்கும் தோல்.

"அண்ணே, உங்க கைக்கு அப்பப்போ லீவு கிடைச்சிருக்கும் போலிருக்கே."

"டேய், இது வயசு இல்லடா. அனுபவம்."

"அனுபவம் ரொம்ப வெடிச்சிருக்குண்ணே. எதையாவது எடுத்துத் தடவுங்க."

"என் கையில தடவ ஒரே ஒரு எண்ணெய்தான். அது இஞ்ஜின்லேருந்து தானா ஒழுகும். ஸ்பானரக் குடு."

இந்தச் சொற்பொழிவு உண்மையில் நெட்டைக்கானதல்ல. அது வீட்டுக்கானது. வீட்டில் பேசினால் எடுபடாது என்பதால் மெக்கானிக் அதைப் பட்டறையில் பேசிப் பழகிக்கொண்டிருந்தான்.

அவன் மனைவி நகைக்கடையில் மோதிரப் பகுதியில் இருந்தாள். அங்கே மோதிரத்தைத் தட்டில் வைத்து நீட்டினால் யாரும் வாங்குவதில்லை. ஒரு கையில் போட்டுக் காட்ட வேண்டும். காட்டும் கை நன்றாக இருந்தால் பார்க்கிறவருக்கு மோதிரம் நன்றாக இருக்கிறதென்று தோன்றும். ஆகவே அந்தக் கடையில் அவள் கைதான் வேலை பார்த்தது. மற்றதெல்லாம் அதற்குப் பின்னால் ஒரு நாற்காலியில் உட்கார்ந்திருந்தது.

அந்த நாற்காலிதான் முக்கியம். அவளுக்குக் கெண்டைக்காலில் நரம்பு சுருட்டிக்கொள்ளும் தொந்தரவு. கொஞ்சம் அதிகமாக நின்றால் பாதம் வீங்கிச் செருப்புக்குள் போகாது. மோதிரப் பகுதியில் உட்காரலாம். மேல்மாடியில், நகைப்பெட்டி மடித்து ஒட்டும் பிரிவில், காலையிலிருந்து கடை மூடும்வரை நிற்க வேண்டும். ஜன்னல் கிடையாது. மோதிரப் பகுதியில் யாருடைய கைக்கு வயதாகிவிட்டதோ அவர்கள் அந்த மாடிக்குப் போவார்கள். ஆனால் வயதாகிவிட்டது என்று யாரும் சொல்ல மாட்டார்கள். மேற்பார்வையாளர் மரியாதை தெரிந்த மனிதர். "கை கொஞ்சம் களைச்சிருக்கே அக்கா" என்பார். அவ்வளவுதான். அக்கா பையை எடுத்துக்கொண்டு படியேறிவிடுவாள்.

அதனால் அவள் கையைக் கைக்குழந்தை மாதிரி வளர்த்தாள். பஸ் நிறுத்தத்துக்குப் போகும்போது புறங்கையில் வெயிலுக்கான களிம்பு. ஒவ்வொரு முறை கழுவியதும், ஈரம் காய்வதற்குள், கிரீம். கொதிக்கிற தண்ணீர் ஆகாது, சோப்புத் தூள் ஆகாது. வேலை முடிந்து வந்ததும் கிரீமைத் தாராளமாகப் பூசி, வெள்ளைப் பருத்தி உறையை மாட்டிக்கொண்டு நாற்காலியில் சாய்ந்துவிடுவாள். பாத்திரம் கழுவுவது, துணி அலசுவது எல்லாம் மெக்கானிக்.

"மகாராணி, தட்டு எல்லாம் கழுவியாச்சு. அடுத்து என்ன ஆணை?" என்பான், சிங்க்கிலிருந்தபடியே.

"குக்கர் மூடிக்குள்ள பாருங்க. போன தடவை சோறு ஒட்டியிருந்தது."

"உறை போட்டுக்கிட்டு உட்கார்ந்திருக்கறதப் பார்த்தா டிராஃபிக் போலீஸ் ரிட்டையர் ஆன மாதிரி இருக்கு."

"இருக்கட்டும். லைசன்ஸக் காட்டுங்க."

"கைக்குப் போய் இவ்வளவு ஆலாபனையா? என் கையப் பாரு. ஒரு சொட்டு தடவினதில்ல. ஏதாவது குறைஞ்சு போச்சா?"

அவள் பார்த்தாள். உறை போட்ட தன் கையையும் பார்த்தாள்.

"கடையில புதுசா கேமரா வைக்கறாங்க. வீட்ல இருந்தபடியே போன்ல பார்த்து வாங்கற ஆளுங்களுக்காக. நம்ம விரல் அங்க தட்டு அகலத்துக்குத் தெரியுமாம். அதனால திங்கக்கிழமை எல்லார் கையையும் அந்த வெளிச்சத்துல வச்சுப் பார்க்கப் போறாங்க."

"பார்க்கட்டுமே. உன் கைக்கு என்ன?"

"எங்க பகுதியில இருந்த சிரிப்பு அக்காவுக்கு என்ன? அவங்க கையும் நல்லாத்தான் இருந்தது. இப்ப மேல பெட்டி ஒட்டறாங்க. சிரிக்கறதே இல்ல. கால் தூண் மாதிரி ஆயிடுச்சு."

மெக்கானிக் குக்கர் மூடியை மீண்டும் தேய்த்தான். ஒட்டியிருந்த சோறு போய்விட்டது. ஆனாலும் தேய்த்தான்.

இனி நடந்ததற்கு அவனுடைய சிக்கனப் புத்திதான் காரணம். காலியான எதையும் தூக்கிப்போட அவனுக்கு மனசு வராது. அவன் வீட்டில் பிஸ்கட் டப்பாவைத் திறந்தால் திருகாணி இருக்கும். திருகாணி டப்பாவைத் திறந்தால் ஒன்றுமிருக்காது. பட்டறையில் கிரீஸ் போக்க ஒரு வெள்ளைப் பசை உண்டு. விரலிடுக்கில் ஏறிய கறுப்பையும் அடியோடு உரித்துவிடும். அதில் கொஞ்சம் வீட்டுக்குக் கொண்டுவந்து, அவள் தீர்த்துப்போட்ட கிரீம் டப்பாவில் அடைத்து, வாஷ்பேசின் ஓரத்தில் வைத்திருந்தான். அதே டப்பா, அதே இளநீல மூடி. இடம்தான் வேறு. அவளுடையது அலமாரித் தட்டில், அவனுடையது பேசினில். வெகுநாளாக இந்த ஏற்பாட்டில் ஒரு குழப்பமும் வந்ததில்லை.

ஞாயிற்றுக்கிழமை காலை பேசின் குழாய் ஒழுகியது. ஊரில் எல்லார் வண்டியையும் சரிசெய்கிறவன் தன் வீட்டுக் குழாயை விடுவானா? பேசின் மேலிருந்த சீப்பு, சோப்பு, டப்பா எல்லாவற்றையும் அள்ளி அலமாரித் தட்டில் வைத்தான். வாஷர் மாற்றினான். ஒழுகல் நின்றது. பெருமையோடு இரண்டு தரம் திறந்து மூடிக் காட்டினான். சீப்பையும் சோப்பையும் திரும்ப எடுத்து வைத்தான். அதற்குள் நெட்டையிடமிருந்து அழைப்பு. நடுவழியில் நின்றுபோன ஒரு வேனுக்காகக் கிளம்பிப் போனான்.

அவளுக்கு அன்று ஜலதோஷம். மூக்கு முழுக்க அடைப்பு. மதியம் முகம் கழுவிவிட்டு, மறுநாளை நினைத்து வழக்கத்தைவிடத் தாராளமாக, மணிக்கட்டு வரை, விரலிடுக்கு விடாமல் பூசினாள். உறையை மாட்டினாள். ஜலதோஷ மாத்திரை ஒன்று போட்டிருந்ததால் நாற்காலியில் சாய்ந்ததும் தூங்கிப்போனாள்.

மெக்கானிக் சாயங்காலம் வந்தபோது குழாய் ஓடிக்கொண்டிருந்தது. சரிசெய்த குழாய் திரும்பவும் புட்டுக்கொண்டதா என்ற கவலையோடுதான் உள்ளே போனான். அவள் பேசின் முன்னால் நின்று இரண்டு கையையும் தண்ணீரில் காட்டிக்கொண்டிருந்தாள். கை தோல் உரித்த தக்காளி மாதிரி இருந்தது.

"என்னம்மா இது?"

"தெரியல. முழிச்சா எரியுது. கிரீம் கெட்டுப்போச்சு போல."

அலமாரித் தட்டில் இரண்டு இளநீல மூடிகள் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்திருந்தன. திறந்திருந்ததை எடுத்து அவன் முகர்ந்தான். முகரவே தேவையில்லை. பட்டறை முழுக்க அந்த வாசனைதான்.

"இது... என்னோட பசைம்மா. கிரீஸுக்கு."

அவள் டப்பாவைப் பார்த்தாள், அவனைப் பார்த்தாள். கத்துவாள் என்று அவன் தோளைக் குறுக்கிக்கொண்டான். அவள் குழாயை மூடினாள்.

"மூக்கு அடைச்சிருந்தது. வாசனை தெரியல" என்றாள், ஏதோ தப்பு அவளுடையது என்பதுபோல. அதற்குப் பதில் அவள் கத்தியிருக்கலாம்.

மருந்துக் கடைக்காரர் கையைப் பார்த்து உதட்டைப் பிதுக்கினார். ஒரு களிம்பு கொடுத்தார். "எரிச்சல் தணியும். ஆனா தேய்க்கக் கூடாது. உரசாம, பூ மாதிரி ஒத்தி எடுக்கணும். உரசினா தோல் கழண்டுடும்" என்றார்.

மறுநாள் அவள் லீவு போடவில்லை. போட்டால் பயந்து போடுகிறாள் என்பார்கள். மெக்கானிக் பட்டறையில் அன்று ஒரு சொற்பொழிவும் நிகழ்த்தவில்லை.

"என்னண்ணே, இன்னைக்கு உலகத்துக்கு ஒண்ணும் சொல்லலையா?" என்று நெட்டை கேட்டான்.

"உலகம் நாசமாப் போகட்டும். அந்த போல்ட்டப் பிடி."

சாயங்காலம் அவன் சீக்கிரமே வீட்டுக்கு வந்து, பாத்திரத்தைக்கூடத் தொடாமல், வாசலைப் பார்த்துக்கொண்டிருந்தான். அவள் வந்தாள். செருப்போடு நாற்காலியில் விழுந்தாள். அவன் குனிந்து செருப்பைக் கழற்றப் போனான். பாதம் வீங்கி வார் பதிந்திருந்தது. கேட்க வேண்டிய அவசியமே இல்லாமல் போனது. ஆனாலும் கேட்டான்.

"மேலயா?"

"ம்."

"என்ன சொன்னாங்க?"

"கேமரா வெளிச்சத்துல வச்சாங்க. அப்புறம் அவர், 'கை ரொம்பக் களைச்சிருக்கே அக்கா'ன்னாரு. நான் மாடிப்படிப் பக்கம் நடந்துட்டேன். நல்ல மனுஷன், பின்னாடியே வந்து, 'கை பழையபடி ஆனா வந்து காட்டுங்க, இடத்த யாருக்கும் குடுக்கல'ன்னாரு." அவள் கண்ணை மூடிக்கொண்டாள். "எப்ப ஆகுமோ. அதுவரைக்கும் நிக்கணும்."

"நான் வந்து சொல்லட்டுமா? என் தப்புதான்னு?"

"சொன்னா கை சரியாயிடுமா?"

அவன் களிம்பை எடுத்தான். அவள் கையை மடியில் வைத்துக்கொண்டு, இஞ்ஜினில் மெல்லிய ஒயரைத் தொடுவதைவிடப் பதமாகத்தான் தொட்டான். தொட்ட மாத்திரத்தில் அவள் கையை வெடுக்கென்று இழுத்துக்கொண்டாள்.

"வேணாங்க."

"மெதுவாத்தானே..."

"மெதுவாத்தான். உங்க விரல் உப்புத்தாள் மாதிரி இருக்கு. விடுங்க, அப்புறம் நானே தடவிக்கறேன்."

எப்படித் தடவிக்கொள்வாள்? ஒரு கைக்கு இன்னொரு கை துணை வரும் நிலையில் இல்லை. அதைச் சொல்வதற்குள் அவள் தூங்கிவிட்டாள். கை இரண்டும் மடியில் மலர்ந்து கிடந்தன, யாரோ இறக்கி வைத்துவிட்டுப் போன சுமை மாதிரி.

மெக்கானிக் தன் விரலைச் சட்டையில் உரசிப் பார்த்தான். வெடிப்பில் நூல் மாட்டி இழுத்தது. அனுபவம்.

எழுந்து பேசினுக்குப் போனான். பசையைத் தொடவில்லை. வெறும் வெதுவெதுப்பான தண்ணீரில், அவள் செய்வதுபோல, விரல் விரலாகக் கழுவினான். ஈரம் காய்வதற்குள் அலமாரித் தட்டிலிருந்து இளநீல மூடி டப்பாவை எடுத்தான். திறந்து முகர்ந்தான். சந்தேகத்துக்கு இன்னொரு தரம் முகர்ந்தான். ரோஜாவா என்னவோ, வீட்டில் எப்போதும் இருக்கும் வாசனைதான். அதற்குப் பெயர் இருக்கும் என்று அவன் நினைத்ததில்லை. ஒரு விரலால் எடுத்துப் பார்த்தான், போதவில்லை. வழித்து எடுத்துப் பூசினான். வெடிப்பெல்லாம் குடித்துவிட்டு இன்னும் கேட்டன. பூசினான்.

பருத்தி உறை அவன் கைக்குச் சிறிசு. இடது கட்டைவிரலில் தையல் பிரிந்தது. வலது கையில் மணிக்கட்டு வரை வரவேயில்லை. வந்தவரை போதும் என்று விட்டான். ஊறி மெத்தென்று ஆனால் களிம்பை ஒத்தி எடுக்கலாம்; இன்று ஆகாவிட்டால் நாளை; நாளையும் ஆகாவிட்டால் அதற்கடுத்த நாள். பட்டறையில் ரப்பர் உறை போட்டுக்கொள்ள வேண்டும். நெட்டை என்ன சொல்வான் என்பது தெரிந்ததுதான். சொல்லட்டும்.

அவளுக்கு எதிரில் ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்தான். இரண்டு கையையும் முழங்கால்மேல் வைத்துக்கொண்டான். போன் அடித்தது. உறை போட்ட விரலால் தள்ளித் தள்ளிப் பார்த்தான்; எடுக்க வரவில்லை. அவள் புரண்டாள். போன் தானாக ஓய்ந்தது.

சிங்க்கில் நேற்றைய பாத்திரமும் சேர்ந்து கிடந்தது. கிடக்கட்டும் என்று அவன் அப்படியே உட்கார்ந்திருந்தான், கையைச் சும்மா வைத்துக்கொண்டு.