பச்சைக் கோட்டு டாக்டரம்மா

அண்ணன் தீபனின் பேட்டியைப் பார்த்த அன்றிலிருந்து, அதில் அவன் சொன்ன பழைய கேமின் பெயரைக் கண்டுபிடித்தே ஆகவேண்டும் என்று எழில்மொழிக்குப் பிடிவாதம் வந்துவிட்டது.

தீபன் மணலி புதுநகரில் கிளினிக் வைத்திருக்கும் டாக்டர். யூடியூப் சேனல் ஒன்றில், "சின்ன வயசுல ஆபரேஷன் கேம் ஒண்ணு ஆடுவேன். அதுல வர்ற டாக்டர் மாதிரி ஆவணும்னுதான் படிச்சேன். அவருக்குக் கை நடுங்கவே நடுங்காது" என்றான். அதே கிளினிக்கில் ரத்தப் பரிசோதனை வேலை பார்க்கும் எழில்மொழி அதை மத்தியானம் சாப்பிடும்போது பார்த்தாள். அந்த 'அவரு' காதில் விழுந்ததும் வீடியோவைப் பின்னால் தள்ளி மறுபடி கேட்டாள்.

அந்த கேமில் வருவது பெண் டாக்டர். அந்த நாளில் காலடிப்பேட்டையில் சௌக்கத் அலி பாயின் பிரவுசிங் சென்டரில் அண்ணனும் தங்கையும் ஒரே நாற்காலியில் ஒட்டிக்கொண்டு உட்கார்வார்கள். மவுஸ் தீபன் கையில். எங்கே கீற வேண்டும், எப்போது ரத்தத்தை உறிஞ்ச வேண்டும், எப்போது தைக்க வேண்டும் என்று சொல்வதெல்லாம் பத்து வயது எழில்மொழி. பிற்பாடு பிளஸ் டூவிலும் அவளுக்குத்தான் மார்க் அதிகம். ஆனால் அப்பா தண்டபாணி தன் மீன்பிடிப் படகை விற்று மகனை பிலிப்பைன்ஸுக்கு டாக்டருக்குப் படிக்க அனுப்பினார். மகளை லேப் டெக்னீஷியன் படிப்பில் சேர்த்தார்.

பழைய கேம்களை அடையாளம் கண்டு சொல்லும் இணையக் குழு ஒன்றில் அவள் எழுதினாள்: பச்சைக் கோட்டு, ஒற்றைப் பின்னல், துறைமுகத்தை ஒட்டிய ஆஸ்பத்திரி. நோயாளி செத்துப்போனால் டாக்டரம்மா கையுறையைக் கழற்றிவிட்டு ஜன்னலருகே போய் நிற்பாள். ஆளாளுக்கு ஒரு பெயர் சொன்னார்கள். ஒன்றில் டாக்டர் ஆண். இன்னொன்று ஆஸ்பத்திரி கட்டுகிற கேம். மற்றொன்றில் பெண் இருந்தாள், நர்ஸாக. ஏழாவது வாரம் போலந்துக்காரர் ஒருவர் பெயரோடு நான்கு படங்களையும் போட்டார். மூன்றாவது படத்தில் அந்த ஜன்னல் இருந்தது. பஸ்ஸில் நின்றபடி பார்த்த எழில்மொழி, கம்பியை விட்டுவிட்டு இரண்டு கையாலும் போனைப் பிடித்துக்கொண்டாள்.

மறுநாள் தீபனிடம் காட்டினாள்.

"பாரு அண்ணா. லேடி டாக்டரு."

"அட, ஆமா. எங்க புட்ச்ச?"

"நீ அவருன்னு சொன்ன."

"யாரா இருந்தா இன்னா எழிலு, கேம்தானே."

"யாரு சொல்லித் தந்து நீ ஆடுன?"

தீபன் சிரித்தான். "பக்கத்துல குந்திகினு கத்திகினே இருப்ப. அதுக்கு இன்னா இப்ப, போர்டுல உன் பேரையும் போடணுமா? போ, வெளிய பேஷண்ட் வெயிட் பண்றாங்க."

அன்று பதினோரு பேருக்கு ரத்தம் எடுத்தாள். எல்லாக் குழாய்களிலும் பெயர் ஒட்டி முடித்து, லேப் சாவியை அவன் மேஜைமேல் வைத்துவிட்டு வீட்டுக்கு வந்தாள்.

"ஒரு பொம்மை ஆட்டத்துக்கா இவ்ளோ ரோசம்?" என்றாள் அம்மா பூவம்மா. "அவன வுட்டா உனக்கு யாருடி கீறாங்க?"

எழில்மொழி ராயபுரத்தில் வேறொரு லேபில் வேலை தேடிக்கொண்டாள். வீடு இருந்த கத்திவாக்கத்திலிருந்து காலை ஆறு மணிக்கே பஸ் ஏற வேண்டும். கிளினிக்கில் கூட்டம் தாங்கவில்லை, வந்துவிடு என்று தீபன் இரண்டு முறை போன் செய்தான். மூன்றாவது முறை அவள் எடுக்கவில்லை. அதற்கப்புறம் அவனும் கூப்பிடவில்லை.