பத்து முறை ஆடிய முதல் ஆட்டம்

கிணறு வெட்டுகிற யெமூராவுக்கு நாற்பத்தொரு வயது. அவள் கடப்பாரையை ஓங்கினால் பாறையே வழிவிடும் என்று தும்பேல் ஊரில் சொல்வார்கள். ஆட்டம் மட்டும் அவளுக்கு வராது. போன வருடத்து வெள்ளத் திருவிழாவில் ஏழடி ஆட்டம் ஆடப் போய், ஒரு குயவரின் கால்விரலை மிதித்து ஒடித்துவிட்டாள். பாவம், அவர் இரண்டு மாதம் சக்கரத்தின் பக்கமே போகவில்லை.

இந்த வருடம் திருவிழா அன்று காலையில்தான் அந்தக் கல் அவளுக்குக் கிடைத்தது. பாதி வெட்டிய கிணற்றின் அடியில், புளியங்கொட்டை அளவில், உள்ளே பால் சுழல்வது போல ஏதோ மெல்லச் சுழன்றுகொண்டிருந்தது. மீள்கல்! அவளுடைய தாத்தா காலத்தில் ஒன்று அகப்பட்டதாம். அதைக் கொண்டுபோக மலைக்கு அந்தப் பக்கத்து ராணி யானையையே அனுப்பினாளாம். உள்ளங்கையில் வைத்து இறுக்கினால் ஒரு பானைத் தண்ணீர் கொதிக்கிற நேரம் பின்னால் போய்விடும். இறுக்கியவருக்கு மட்டும்தான் நடந்தது நினைவிருக்கும், உடம்பில் பட்டதும் அவரோடு கூடவே வரும். ஒவ்வொரு தடவையும் கல் கொஞ்சம் தேயும். இவ்வளவும் ஊரில் எல்லோருக்கும் தெரிந்த கதை.

ஊர்ச்சாவடியில் ஒப்படைக்கலாம் என்று போனாள். திருவிழாவுக்காகச் சாவடியைப் பூட்டியிருந்தார்கள். சரி, நாளைக்குக் கொடுப்போம் என்று வீட்டுக்கு வந்தாள். தங்கை இஷ்பே அவளுக்குப் பண்டிகை உடுப்பை இறுக்கிக் கட்டிவிட்டதில், ஒரு கடுகை முடிந்துவைக்கக்கூட இடமில்லாமல் போயிற்று. கல் உள்ளங்கையிலேயே இருந்தது.

திடலில் அத்திப்பழ அப்பம் சுடுகிற அத்தியப்பக் கடை ஓரமாக நின்றார்கள். "அக்கா, இந்த வருஷம் யாரு காலு?" என்று இஷ்பே அவள் கன்னத்தைக் கிள்ளினாள்.

"வாய மூடுறியா?"

அப்போதுதான் ஓடக்காரன் கோதெம் கூட்டத்தை விலக்கிக்கொண்டு நேராக அவளிடம் வந்தான். யெமூராவுக்கு அக்கரையில் ஒரு வேலையும் கிடையாது. ஆனாலும் ஆறு வருடமாக வாரம் இரண்டு தடவை அவன் ஓடத்தில் அக்கரைக்குப் போய், இறங்காமலே திரும்பிக்கொண்டிருந்தாள்.

"ஒரு ஆட்டம் ஆடலாமா?" என்றான்.

கொட்டு முழங்கியது. கையைக் கோத்தார்கள். மூன்றாவது அடியில் அவள் குதிகால் அவன் கட்டைவிரல் மேல் இறங்கியது. அவன் போட்ட அலறலில் கொட்டே நின்றது. வெட்கம் தாங்காமல் யெமூரா கண்ணை மூடி, அவன் கையோடு சேர்த்துத் தன் கையை இறுக்கினாள்.

"அக்கா, இந்த வருஷம் யாரு காலு?" என்று இஷ்பே கன்னத்தைக் கிள்ளினாள்.

யெமூராவுக்குத் தலை கிறுகிறுத்தது. கையைத் திறந்து பார்த்தாள். கல் சற்றுச் சிறுத்திருந்தது.

இரண்டாவது ஆட்டத்தில் ஐந்தாம் அடி வரை வந்து மிதித்தாள். இறுக்கினாள். மூன்றாவதில் எதிர்ப்பக்கம் சுழன்று, போன வருடத்துக் குயவர் மேலேயே போய் மோதினாள், மனிதர் "ஐயோ, மறுபடியுமா!" என்று அத்தியப்பத் தட்டுக்குள் உட்கார்ந்தார். நான்காவதில் கொட்டுக்காரரின் மேடை சரிந்தது. அது எப்படி நடந்தது என்று அவளுக்கே புரியவில்லை. இறுக்கினாள், இறுக்கினாள். ஆறாவதில் ஏழு அடியும் பிசகாமல் வந்துவிட்ட சந்தோஷத்தில் ஒரு துள்ளுத் துள்ளினாள். இறங்கிய இடத்தில் அவன் கட்டைவிரல் இருந்தது.

"என்ன அக்கா, ஆட்டமே தொடங்கல, அதுக்குள்ள இப்படி வேர்த்து ஊத்துது?" என்றாள் இஷ்பே, ஏழாவது தடவை.

"வெயிலு" என்றாள் யெமூரா. அவளுக்குச் சிரிப்புச் சிரிப்பாக வந்தது. பயம் எப்போது போயிற்று என்றே தெரியவில்லை. பயப்படுவதற்கு என்ன இருக்கிறது? உலகத்தில் ஒருவருக்கும் ஒன்றும் தெரியப்போவதில்லையே! எட்டாவது ஆட்டத்தில் அவன் காதோரம், "உங்க ஓடத்துக்காகத்தான் நான் ஆத்துக்கே வர்றேன்" என்று சொல்லிவிட்டு உடனே இறுக்கினாள். அந்த மயக்கத்தில் ஒன்பதாவது ஆட்டம் இரண்டாம் அடியிலேயே முடிந்தது.

பத்தாவது தடவை கோதெம் கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்தபோதுதான் கவனித்தாள். அவன் நொண்டிக்கொண்டு வந்தான். வலது கட்டைவிரல் கத்திரிக்காய் போல ஊதாவாக வீங்கியிருந்தது.

"இன்னும் ஆடவே இல்லியே, உங்க விரலுக்கு என்ன ஆச்சு?"

கோதெம் அவளையே பார்த்தான். உதடு துடித்தது. பிறகு அடக்க முடியாமல் சிரித்துவிட்டான். "ஒம்பது ஆட்டத்துல இத்தனை மிதி மிதிச்சா வீங்காதா?"

யெமூரா தன் கையைத் திறந்து பார்த்தாள். கோத்த கைகளுக்கு நடுவில்தானே கல் இருந்தது! அவள் இறுக்கியபோதெல்லாம் அது அவன் உள்ளங்கையிலும் அழுந்தியிருக்கிறது.

"அப்போ... ஓடத்தைப் பத்திச் சொன்னது?"

"கேட்டுச்சு."

"மொதல்லயே சொல்லக் கூடாதா, மனுஷா!"

"சொன்னா நீங்க வீட்டுக்கு ஓடிடுவீங்க. விரல் போனாப் போகுது, இன்னொரு ஆட்டம் கிடைக்குதேன்னு இருந்தேன்."

இஷ்பே இருவரையும் மாறி மாறிப் பார்த்தாள். "எந்த ஒம்பது ஆட்டம்? என்ன ஓடம்? யாராவது எனக்குச் சொல்லுங்களேன்!"

அதற்குள் இருவரும் கையைக் கோத்துக்கொண்டார்கள். கொட்டு முழங்கியது. கடுகளவாகத் தேய்ந்துபோயிருந்த கல்லோடு யெமூரா ஆடினாள். இந்தத் தடவை அடிகளை எண்ணவில்லை, அவன் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். நான்காவது அடியில் மிதித்தாள். அவன் அலறினான். திடலே சிரித்தது. அவள் பழக்கத்தில் கையை இறுக்கப் போனாள்.

"வேண்டாம், இருக்கட்டும். அஞ்சாவது அடி என்னன்னு பாப்போம்" என்று அவன் அவள் விரல்களைப் பிரித்துவிட்டான்.

ஏழு அடியும் ஆடி, கொட்டுக்காரர் கை ஓய்கிறவரை ஆடினார்கள். புழுதியில் கல் எங்கே விழுந்தது என்று அவளுக்குத் தெரியாது. தேடவும் இல்லை.

சூரியன் சாய்கிற நேரத்தில் கோதெமால் காலை ஊன்றவே முடியவில்லை. யெமூரா அவனை முதுகில் தூக்கிக்கொண்டு ஆற்றுக்கு நடந்தாள். துடுப்பையும் அவளே பிடித்தாள். அதற்கு முன் ஒரு நாளும் அவள் துடுப்புப் போட்டதில்லை. வெள்ளத்தில் ஓடம் பம்பரமாகச் சுற்றியது.

"இடது பக்கம் போடு! உன் இடது!" என்று கத்திய கோதெம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தான். எப்போது 'நீங்க' போய் 'நீ' வந்தது என்று இருவருமே கவனிக்கவில்லை.

ஓடம் இரண்டு ஊர் தாண்டி, முன்பின் தெரியாத ஒரு கரையில் போய் முட்டி நின்றது. அங்கேயும் திருவிழாதான். ஓர் அம்மாள் இலை நிறைய வறுத்த வெட்டுக்கிளியோடு ஓடிவந்து, "ஏம்மா, உன் வீட்டுக்காரருக்குக் காலுல என்ன?" என்று கேட்டாள்.

யெமூரா கோதெமைப் பார்த்தாள். அவன் வானத்தைப் பார்த்தான்.

"நான்தாங்க மிதிச்சேன்" என்று சொல்லிவிட்டு, வெட்டுக்கிளியை வாங்கிக்கொண்டாள்.