சிட்டுவின் குரல்

எட்டாம் ஆண்டில் படித்த கலாராணியும் நுஹாவும் சேர்ந்து ஒரு கார்ட்டூன் தொடர் செய்தார்கள். அக்குறணையிலிருந்து வரும் நுஹா தன் நானாவின், அதாவது அண்ணனின், டெப் கணினியில் படம் வரைந்து அசைய வைப்பாள். ஹந்தானைத் தேயிலைத் தோட்டத்தில் தொழிலாளர் குடியிருக்கும் லயத்திலிருந்து வரும் கலாராணி கதை எழுதி, எல்லாப் பாத்திரங்களுக்கும் குரல் கொடுப்பாள். கதாநாயகி சிட்டு, பள்ளிக்கூடத்துக்குப் புதிதாக வந்த பிள்ளை. வகுப்பே யார் பின்னால் போகிறதோ, அவள் பின்னால் சிட்டு மட்டும் போகமாட்டாள்.

முதல் இரண்டு பகுதிகளும் வகுப்பு வாட்ஸ்அப் குழுவில் வந்ததும், இடைவேளையில் பிள்ளைகள் சிட்டு மாதிரியே பேசத் தொடங்கினார்கள்.

துஷானிக்கு அது பொறுக்கவில்லை. அந்த வகுப்பில் யார் யாரோடு உட்காருவது என்பதை அவள்தான் தீர்மானித்து வந்தாள். ஒருநாள் கென்டீனில் நுஹாவைத் தன் மேசைக்கு அழைத்தாள்.

“படம் நல்லா இருக்கு. குரல்தான் தோட்டத்துக் குரல். அடுத்ததுக்கு நான் பேசித் தாறேன். நீ இனி எங்களோடயே இரு.”

அந்த மேசையை இதுவரை தூரத்திலிருந்தே பார்த்தவள் நுஹா. தலையாட்டிவிட்டாள்.

கலாராணியிடம் யாரும் சொல்லவில்லை. தமிழ்ப் பாடத்தில் சண்முகநாதன் சேர் புரொஜெக்டரில் மூன்றாம் பகுதியைப் போட்டபோதுதான் அவளுக்குத் தெரிந்தது. சிட்டு வாயைத் திறந்தாள். செய்தி வாசிப்பதுபோல் துஷானியின் குரல் வந்தது. முடிவில் நுஹா, துஷானி என்று இரண்டு பெயர்கள் ஓடின. கலாராணியின் பெயர் இல்லை.

அவள் எழுந்து நின்றாள்.

“சேர், சத்தத்த நிப்பாட்டிட்டு இன்னொருக்கா போடுங்க. இது நான் எழுதுன கதை. நான் பேசுறேன்.”

“அவளுக்குப் பொறாமை, சேர்” என்றாள் துஷானி.

“பொறாமை இல்ல. சிட்டு எங்க லயத்துப் புள்ள. அவ இப்பிடிப் பேசமாட்டா.”

சேர் சத்தத்தை நிறுத்திவிட்டுப் படத்தை மறுபடி போட்டார். கலாராணி திரைக்குப் பக்கத்தில் போய் நின்றாள். முதல் வசனம் தவறிப்போனது. பின்வரிசையில் யாரோ சிரித்தார்கள். திரையில் ஒருத்தி சிட்டுவிடம் தன் பையைச் சுமக்கச் சொல்லி நீட்டினாள்.

“ஒங்க பேக்க நான் ஏன் தூக்கணும்? ஒங்களுக்குத் தோள் இல்லயா?”

வகுப்பு முழுக்கச் சிரித்தது. இம்முறை சிட்டுவோடு சேர்ந்து.

பாடம் முடிந்ததும் வெளியே தண்ணீர்க் குழாயடியில் நுஹா காத்திருந்தாள்.

“கோவமா ஈக்கியா?”

“ஆமா.”

“அவங்களோட சேந்தா எனக்கும் நாலு பேர் ஈப்பாங்கண்டு நெனச்சேன். மன்னிச்சிக்க.”

“இனி கதையும் குரலும் கலாராணின்னு முன்னுக்கே வரணும். இல்லாட்டி வேற ஆளப் பாத்துக்க.”

நான்காம் பகுதி அப்படித்தான் வந்தது. துஷானியின் கூட்டம் அதைப் பார்க்கவில்லை. நுஹாவுக்குக் கென்டீன் மேசையில் கிடைத்த இடமும் போயிற்று. ஆனால், சேர் இருவரையும் கூப்பிட்டார்.

“மாகாணப் போட்டிக்கு அனுப்பலாம். கொஞ்சம் திருத்தமான தமிழில பேசினா பரிசு கிடைக்கும்.”

கலாராணி வாயைத் திறப்பதற்குள் நுஹா சொன்னாள்:

“அப்ப அனுப்ப வேணாம் சேர்.”

சேர் அதை அப்படியே அனுப்பினார். பரிசு கிடைக்கவில்லை. முடிவு வந்தபோது ஐந்தாம் பகுதி தயாராகியிருந்தது. அதில் சிட்டு முன்னைவிடச் சத்தமாகப் பேசினாள்.